20 வயதில் வீட்டை விட்டு வெளியேறுவது: தங்குமிடம், சட்டம், காகிதங்கள்

கேள்வியை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். வயது 20, பெண், கல்லூரியில் மூன்றாம் ஆண்டு, ஊர் தமிழ்நாட்டின் ஒரு மாவட்டத் தலைநகர். வீட்டில் கல்யாணத்துக்கு நெருக்குகிறார்கள். மறுத்ததற்கு அடி விழுந்திருக்கிறது. சான்றிதழ்கள் அப்பாவின் பீரோவில் பூட்டிக் கிடக்கின்றன. வெளியேறினால் எங்கே தங்குவது? வீட்டார் போலீஸில் புகார் கொடுத்தால் இழுத்து வந்துவிடுவார்களா? அரசாங்கம் இடம் தருமா? 16 வயதுத் தங்கையையும் உடன் அழைத்துச் செல்லலாமா?

வெளியேறும் உரிமை உங்களுக்கு முழுதாக இருக்கிறது. வெளியேறிய பிறகு "எனக்கு ஓர் இடம் கொடு" என்று அரசிடம் கேட்கும் உரிமை ஏறக்குறைய இல்லை. தங்குமிடமும் வாழ்வுரிமையின் பகுதிதான் என்று உச்ச நீதிமன்றம் 1996-ல் சமேலி சிங் வழக்கில் சொல்லியிருக்கிறது. அந்தத் தீர்ப்பைக் காட்டி எந்த அலுவலகத்திலும் ஓர் அறைச் சாவியை வாங்கிவிட முடியாது. வீட்டை விட்டு வரும் இளைஞருக்கு வீடு கொடுத்தே ஆக வேண்டும் என்று எந்த அரசு அமைப்பையும் கட்டாயப்படுத்தும் சட்டம் இங்கே இல்லை. கிடைப்பதெல்லாம் துண்டு துண்டான ஏற்பாடுகள்: பெண் என்பதால் ஒன்று, மாணவி என்பதால் ஒன்று, வன்முறைக்கு உள்ளானவர் என்பதால் ஒன்று. அவற்றில் எதைப் பிடிக்க வேண்டுமானாலும் கையில் காகிதம் வேண்டும். அதனால்தான் சண்டை நடந்த இரவே கிளம்பாதீர்கள் என்கிறேன். உயிருக்கு ஆபத்து என்றால் மட்டும் இந்த அறிவுரையை மறந்துவிட்டு 112 (அவசர உதவி) அல்லது 181 (பெண்கள் உதவி எண்) அழைத்துவிட்டு வெளியே வந்துவிடுங்கள்.

போலீஸ் பயத்தை முதலில் தீர்த்துக்கொள்வோம். பெற்றோர் "காணவில்லை" என்று புகார் கொடுப்பார்கள். காவல் நிலையத்தில் அதைப் பதிவு செய்யத்தான் வேண்டும், உங்களைத் தேடத்தான் வேண்டும். அதில் தவறில்லை. கண்டுபிடித்த பிறகு "நான் மேஜர், என் விருப்பப்படிதான் வந்தேன்" என்று நீங்கள் வாக்குமூலம் கொடுத்தால் அதோடு அவர்கள் வேலை முடிந்தது. பெற்றோரிடம் ஒப்படைக்க அவர்களுக்கு அதிகாரம் இல்லை. சில நேரங்களில் மாஜிஸ்திரேட் முன் ஆஜர்படுத்துவார்கள். அங்கும் இதையே சொல்லுங்கள். வயது வந்த பெண்ணை அவள் விருப்பத்துக்கு மாறாக வீட்டுக்கோ காப்பகத்துக்கோ அனுப்பக் கூடாது. 2018-ல் ஹாதியா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் அழுத்திச் சொன்னது: வயது வந்த மகளின் முடிவு அப்பாவுக்குப் பிடிக்கவில்லை என்பதால் அது செல்லாமல் போய்விடாது. அதே ஆண்டு நந்தகுமார் வழக்கில், ஆணுக்குத் திருமண வயதான 21 நிரம்பாவிட்டாலும் 18 கடந்த இருவர் சேர்ந்து வாழலாம் என்றது. சாட்சி விசாரணைக்காக ஒரு பெண்ணை அவள் தங்கியிருக்கும் இடத்தை விட்டு வேறெங்கும் வரும்படி போலீஸ் கட்டாயப்படுத்தக் கூடாது என்பது பி.என்.எஸ்.எஸ். (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த சட்டம்) 179-வது பிரிவு. "ஸ்டேஷனுக்கு வாம்மா, பேசிக்கொள்ளலாம்" என்ற அழைப்பு வரும்போது இந்த எண்ணை நினைவில் வைத்திருங்கள். அந்தப் "பேச்சு" பெரும்பாலும் சொந்தக்காரர்கள் பத்துப் பேர் நடுவில்தான் நடக்கும்.

புகார் வருவதற்கு முன்பே நீங்கள் ஒரு கடிதம் அனுப்பிவிடுவது நல்லது. கிளம்பிய அன்றே, வயதுச் சான்றின் நகலை இணைத்து, "சொந்த விருப்பத்தில் வெளியேறியிருக்கிறேன், யாரும் கடத்தவில்லை, பெற்றோரால் ஆபத்து இருப்பதால் முகவரியைத் தர விரும்பவில்லை, இந்த எண்ணில் பேசலாம்" என்று எழுதி, உங்கள் ஊர்க் காவல் நிலையத்துக்கும் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கும் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். உங்களுக்கு உதவிய தோழி மீதோ தோழன் மீதோ கடத்தல் வழக்குப் போடாமல் தடுப்பதற்கு இந்த ஒரு தாள் பெரிய உதவி.

இன்னொன்று: நகை. உங்களுக்கென்றே செய்த வளையலாக இருந்தாலும் வீட்டில் இருக்கும் நகையை எடுத்துக்கொண்டு கிளம்பாதீர்கள். மகளைத் திருப்பி அழைக்க முடியாத அப்பாவுக்கு அடுத்து தோன்றுவது திருட்டுப் புகார்தான். உடைகள், புத்தகங்கள், உங்கள் பெயரில் உள்ள காகிதங்கள், உங்கள் பணம் ஆகியவை போதும். எடுத்துச் செல்வதைப் படம் பிடித்து வைத்துக்கொள்ளுங்கள்.

காகிதங்களைப் பற்றி நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பலரும் இங்கேதான் மாட்டிக்கொள்கிறார்கள். ஆதாரோடு எந்தச் செல்பேசி எண் இணைக்கப்பட்டிருக்கிறது என்று முதலில் பாருங்கள். அப்பாவின் எண்ணாக இருந்தால் ஒவ்வொரு முறையும் ஓ.டி.பி. அவருக்குத்தான் போகும்; நீங்கள் எங்கே என்ன செய்கிறீர்கள் என்பதும் கூடவே போகும். ஆதார் மையத்துக்குப் போய்க் கைரேகை வைத்தால் எண்ணை மாற்றிவிடலாம், அதற்கு வேறு ஆவணம் கேட்க மாட்டார்கள். எண் உங்களுடையதாகிவிட்டால் மின் ஆதாரை நீங்களே பதிவிறக்கலாம், டிஜிலாக்கரைத் திறக்கலாம், அதில் கிடைக்கும் மதிப்பெண் சான்றிதழ்களை எடுத்துக்கொள்ளலாம். பீரோவில் இருக்கும் அசல் கிடைக்கவே இல்லை என்றால் பத்தாம் வகுப்பு, பன்னிரண்டாம் வகுப்புச் சான்றிதழ்களின் இரண்டாம் படியை அரசுத் தேர்வுகள் இயக்ககத்தில் விண்ணப்பித்துப் பெற வழி இருக்கிறது. கொஞ்சம் அலைய வேண்டும், அவ்வளவுதான். மாற்றுச் சான்றிதழ் (டி.சி.) கல்லூரியில்தான் இருக்கும். அதை யாரும் பூட்டி வைக்க முடியாது.

வங்கிக் கணக்கும் அப்படியே. பள்ளிக் காலத்தில் அம்மாவோடு கூட்டாகத் தொடங்கிய கணக்கை வைத்துக்கொண்டு வெளியேறினால், நீங்கள் ஏ.டி.எம்.மில் எடுக்கும் ஒவ்வொரு நூறு ரூபாயும் எந்த ஊரில் எடுத்தது என்று வீட்டுக்குத் தெரியும். வேறு வங்கியில் தனிக் கணக்குத் தொடங்குங்கள். அரசுப் பள்ளியில் படித்து வந்து புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாய் வாங்குபவராக இருந்தால் அது எந்தக் கணக்குக்குப் போகிறது என்று கல்லூரி அலுவலகத்தில் கேளுங்கள். ஆயிரத்தில் வாடகை கொடுக்க முடியாது. ஆனால் உங்கள் பெயரில் மாதாமாதம் வரும் பணம் அது.

இப்போது பலர் யோசிக்காத ஒரு கேள்வி. நீங்கள் வெளியேறித்தான் ஆக வேண்டுமா? குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் (2005) என்றாலே மனைவிக்கும் மருமகளுக்கும் என்று நினைக்கிறார்கள். மகளுக்கும் அது பொருந்தும். அந்தச் சட்டத்தின் 17-வது பிரிவு, வீடு யார் பெயரில் இருந்தாலும், குடும்பமாக வாழும் வீட்டில் குடியிருக்கும் உரிமையைப் பெண்ணுக்குத் தருகிறது. வெளியே தள்ளக் கூடாது என்றும், அடிப்பவர் நெருங்கக் கூடாது என்றும், உங்களுக்குச் சேர வேண்டிய ஆவணங்களைத் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்றும் மாஜிஸ்திரேட் உத்தரவிடலாம். பீரோவில் இருக்கும் சான்றிதழ்களை அதில் கேட்கலாம். மனுவை 60 நாளில் முடிக்க முயல வேண்டும் என்கிறது சட்டம். நடைமுறையில் அதைவிட இழுக்கும். மனுவை எழுத வக்கீல் தேவையில்லை, மாவட்டச் சமூக நல அலுவலகத்தில் இருக்கும் பாதுகாப்பு அலுவலரே எழுதித் தருவார். கோர்ட் உத்தரவோடு அதே வீட்டில் அதே அப்பாவின் முகத்தைப் பார்த்துக்கொண்டு வாழ முடியுமா என்பது வேறு கேள்வி. என் கணிப்பில் பெரும்பாலானவர்களால் முடியாது. ஆனாலும் வழக்குப் போட்டால் பேரம் பேசும் வலு வருகிறது, ஜீவனாம்சமும் கேட்கலாம். நீங்கள் இந்துவாக இருந்தால், தன்னைத் தானே காப்பாற்றிக்கொள்ள முடியாத, திருமணமாகாத மகளைப் பராமரிக்கும் கடமை 1956-ஆம் ஆண்டு தத்தெடுப்பு, பராமரிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவில் தனியாகவே இருக்கிறது. 18 வயதோடு அது முடிந்துவிடுவதில்லை.

இதையே ஒரு பையன் கேட்டிருந்தால் என் பதில் கறாராக இருந்திருக்கும். அப்பா சொந்தமாகச் சம்பாதித்துக் கட்டிய வீட்டில் 18 வயது கடந்த மகனுக்கு, அவர் விரும்பும்வரை தங்கலாம் என்பதற்கு மேல் எந்த உரிமையும் இல்லை. "போ வெளியே" என்றால் போகத்தான் வேண்டும். இந்துக் குடும்பத்தின் பூர்வீகச் சொத்து என்றால் மகனுக்கும் மகளுக்கும் பிறப்பாலேயே பங்கு உண்டு. தமிழ்நாட்டில் மகளுக்கு அதை 1989-லேயே கொடுத்தார்கள், நாடு முழுவதற்கும் 2005-ல் வந்தது. ஆனால் பாகப் பிரிவினை வழக்கு வருடக் கணக்கில் நடக்கும். அடுத்த மாதம் எங்கே படுப்பது என்ற கேள்விக்கு அது விடையாகாது.

திருநர் பிள்ளைகளுக்கு 2019-ஆம் ஆண்டுத் திருநர் உரிமைகள் பாதுகாப்புச் சட்டத்தின் 12-வது பிரிவு, பெற்றோர் வீட்டில் வசிக்கும் உரிமையை வெளிப்படையாகவே தருகிறது. வீட்டாரால் பராமரிக்க முடியாது என்றால் கோர்ட் வழியாக மறுவாழ்வு மையம். மத்திய அரசின் கரிமா கிருஹ் இல்லங்கள் இவர்களுக்கானவை. தன்பாலின இணையர் விஷயத்தில் சென்னை உயர் நீதிமன்றம் 2021-ல் சுஷ்மா வழக்கில் போலீஸுக்கு நேரடியாகவே உத்தரவிட்டது: இருவரும் மேஜர் என்று வாக்குமூலம் கிடைத்தால், காணவில்லை என்ற புகாரைத் தொந்தரவு இல்லாமல் முடித்துவிட வேண்டும். சாதி மறுப்புக் காதல் இணையருக்கு உச்ச நீதிமன்றத்தின் 2018-ஆம் ஆண்டு சக்தி வாஹினி தீர்ப்பு இருக்கிறது. இவர்களின் புகார்களை வாங்க மாவட்டந்தோறும் தனிப் பிரிவு அமைக்கச் சொன்னது, பாதுகாப்பு இல்லங்களைப் பற்றி யோசிக்கவும் சொன்னது. அவர்கள் அறை தேடுவதற்கு முன் பாதுகாப்பு கேட்டுக் காவல் கண்காணிப்பாளரிடம் மனுக் கொடுத்துவிட வேண்டும்.

சரி, வெளியேறுவது என்று முடிவாகிவிட்டது. முதல் சில நாட்களுக்கு, அடிபட்ட நிலையில் வருபவர் என்றால், 181-ஐ அழைத்தால் மாவட்டத்தில் உள்ள ஒருங்கிணைந்த சேவை மையத்துக்கு வழி சொல்வார்கள். அங்கே ஐந்து நாள்வரை தங்கலாம். மருத்துவம், போலீஸ், சட்ட உதவி எல்லாவற்றுக்கும் அங்கிருந்தே ஏற்பாடு செய்வார்கள். அதற்கு மேல் தங்க வேண்டுமானால் பெண்களுக்கான இல்லங்களுக்கு அனுப்புவார்கள். அங்கே கட்டுப்பாடு அதிகம். கல்லூரிக்குப் போய்வர முடியுமா என்று சேரும் முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். மாநகராட்சி நடத்தும் வீடற்றோர் காப்பகங்களில் பெண்களுக்குத் தனி இடங்கள் உண்டு என்றாலும், வேறு வழியே இல்லாத ஓர் இரவுக்குத்தான் அதைச் சொல்வேன்.

உங்களுக்கு உண்மையில் பொருந்துவது மாணவியர் விடுதி. படித்துக்கொண்டிருக்கும்போதே வெளியேறுவதில் உள்ள பெரிய நன்மை இது. ஆதிதிராவிடர், பிற்படுத்தப்பட்டோர், மிகப் பிற்படுத்தப்பட்டோர் நலத் துறைகளின் கல்லூரி விடுதிகளில் (2025 முதல் சமூக நீதி விடுதிகள் என்று பெயர்) தங்குவதும் சாப்பாடும் இலவசம். பெற்றோர் வருமானச் சான்று கேட்பார்கள், அதை வீட்டிலிருந்து வாங்க முடியாத நிலைமையைக் கல்லூரி முதல்வரிடமோ விடுதிக் காப்பாளரிடமோ மறைக்காமல் சொல்லுங்கள். நம்பத் தகுந்த ஒரு பேராசிரியை முன்னின்று பேசினால் பாதி வேலை முடிந்துவிடும். படிப்பை விட்டு வேலைக்குப் போகப் போகிறீர்கள் என்றால் மாநில அரசின் தோழி விடுதிகள் தாம்பரம், திருச்சி உள்ளிட்ட பல ஊர்களில் இருக்கின்றன. தனியார் விடுதிகளைவிடக் கட்டணம் நியாயமானது, ஆனால் வேலைக்கான சான்று வேண்டும்.

தனியார் லேடீஸ் ஹாஸ்டல் என்றால், 2014-ஆம் ஆண்டுச் சட்டப்படி மாவட்ட ஆட்சியரின் உரிமம் பெற்றதா என்று கேளுங்கள். கேட்டதும் முகம் மாறினால் அடுத்த விடுதிக்குப் போங்கள். பெற்றோரின் எண் கேட்பார்கள், உள்ளூர்ப் பாதுகாவலர் கையெழுத்து கேட்பார்கள். சட்டப்படி 18 வயதானவரின் கையெழுத்தே போதும். ஆனால் விடுதிக்காரருடன் சட்டம் பேசி இடம் வாங்கியவர் யாருமில்லை. விஷயம் தெரிந்த, வயதில் மூத்த ஒருவரைப் பாதுகாவலராக நிறுத்துங்கள். பொய்யாக அப்பா எண் என்று தோழியின் எண்ணைக் கொடுக்காதீர்கள். அது தெரிந்த அன்று பெட்டியை வாசலில் வைத்துவிடுவார்கள். ஹாஸ்டலில் படுக்கைக்குப் பணம் கட்டுபவர் பொதுவாக வாடகைதாரர் ஆவதில்லை, அனுமதியின் பேரில் தங்குபவர் மட்டுமே. அதனால் வாடகைச் சட்டத்தின் பாதுகாப்பு கிடைக்காது. அட்வான்ஸைத் திருப்பித் தராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம். 5 லட்சம் ரூபாய்வரை புகாருக்குக் கட்டணம் இல்லை.

இரண்டு மூன்று பேர் சேர்ந்து வீடு எடுப்பது என்றால் நிலைமை வேறு. தமிழ்நாட்டில் 1960-ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் போய், 2017-ஆம் ஆண்டுச் சட்டம் 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்தது. ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், துணை ஆட்சியர் நிலைக்குக் குறையாத வாடகை அதிகாரியிடம் பதிவாக வேண்டும். முத்திரைத் தாளில் எழுதி மடித்துக் கொடுக்கும் 11 மாத ஒப்பந்தம் அந்தப் பதிவு ஆகாது. பதிவுக்கு வீட்டுக்காரர் தயங்குவார், ஏனென்றால் வாடகை வருமானம் கணக்கில் வந்துவிடும். ஆனால் பதிவு இல்லாத குடியிருப்பில் தகராறு வந்தால் நீங்கள் காட்ட ஒன்றும் இருக்காது. குறைந்தபட்சம் வாடகையை வங்கி வழியாகவோ யு.பி.ஐ. வழியாகவோ கொடுங்கள், கையில் கொடுத்தால் ரசீது வாங்குங்கள்.

அட்வான்ஸ் மூன்று மாத வாடகைக்கு மேல் வாங்கக் கூடாது என்று அந்தச் சட்டத்தை மேற்கோள் காட்டுவார்கள். முழு வாக்கியத்தையும் படியுங்கள்: வேறு விதமாக ஒப்பந்தம் இல்லாவிட்டால் என்று ஆரம்பிக்கிறது. நீங்கள் பத்து மாத அட்வான்ஸுக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டால் அதுதான் வேறு விதமான ஒப்பந்தம். சட்டத்தில் இவ்வளவு பெரிய ஓட்டையை வைத்துவிட்டு உரிமை என்று பெயர் வைத்திருக்கிறார்கள். ஆகவே பேரம் கையெழுத்துக்கு முன்னால்தான். சட்டம் உண்மையிலேயே உதவும் இடங்கள் வேறு: வீட்டுக்காரர் தானாகவே பூட்டுப் போட்டு வெளியேற்ற முடியாது, வாடகை நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். தண்ணீரையும் மின்சாரத்தையும் நிறுத்தினால் வாடகை அதிகாரியிடம் மனுக் கொடுத்து இடைக்கால உத்தரவு வாங்கலாம். வீட்டுக்குள் வர 24 மணி நேரத்துக்கு முன் எழுத்தில் சொல்ல வேண்டும். கரண்ட் யூனிட்டுக்கு எவ்வளவு, வெள்ளையடிக்க எவ்வளவு பிடிப்பார் என்பதை ஒப்பந்தத்திலேயே எழுதச் சொல்லுங்கள். காலி செய்யும்போது வரும் சண்டைகள் எல்லாம் அந்த இரண்டில்தான்.

தனியாக இருக்கும் பெண்ணுக்குத் தர மாட்டோம், பேச்சிலருக்குத் தர மாட்டோம் என்பதைத் தடுக்கும் பொதுவான சட்டம் இல்லை. தீண்டாமையின் பேரில் குடியிருப்பை மறுப்பது 1955-ஆம் ஆண்டுக் குடிமை உரிமைகள் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். திருநருக்கு வாடகைக்கு மறுப்பதை 2019-ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்கிறது. ஆனால் காரணத்தை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை, "வீடு முடிந்துவிட்டது" என்றுதான் சொல்கிறார்கள். நிரூபிப்பது கடினம்.

காப்பகத்தில் வளர்ந்து 18 வயதில் வெளியே வருபவர்களுக்கு ஒரு வார்த்தை, ஏனென்றால் அவர்களுக்குத் திரும்பிப் போக வீடே இல்லை. இளைஞர் நீதிச் சட்டத்தின் 46-வது பிரிவு அவர்களுக்குப் பின்பராமரிப்பு உதவி உண்டு என்கிறது; மத்திய அரசின் மிஷன் வாத்சல்யா திட்டத்தில் மாதம் 4,000 ரூபாய், 21 வயதுவரை, தேவைப்பட்டால் 23 வரை. 18 முடிவதற்குச் சில மாதங்கள் முன்பே மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகில் எழுத்தில் கேட்டுவிட வேண்டும்.

வக்கீல் கட்டணத்தை நினைத்துப் பின்வாங்க வேண்டாம். பெண் என்றாலே வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் வைத்துத் தரும். பட்டியல் சாதி, பழங்குடி இளைஞர்களுக்கும் அப்படியே. தொலைபேசி எண் 15100.

கடைசியாகத் தங்கை. அவளை உங்களோடு அழைத்துச் செல்லாதீர்கள். 18 வயதுக்குட்பட்டவரைப் பெற்றோரின் சம்மதம் இல்லாமல் அழைத்துப் போனால் அக்காவாக இருந்தாலும் கடத்தல் வழக்கு வரலாம், உங்கள் மீது மட்டுமல்ல, இடம் கொடுத்தவர் மீதும். அவளால் வாடகை ஒப்பந்தத்திலும் கையெழுத்திட முடியாது, மைனர் செய்த ஒப்பந்தம் செல்லாது. அவளுக்கு வேறு வழி இருக்கிறது. அடியோ கல்யாணப் பேச்சோ அவள் பக்கம் திரும்பினால் குழந்தைகள் உதவி எண்ணான 1098-ஐ அழைக்க வேண்டும். அவளே அழைக்கலாம், நீங்களும் அழைக்கலாம். கல்யாணத் தேதி குறித்துவிட்டார்கள் என்றால் மாவட்டச் சமூக நல அலுவலர்தான் குழந்தைத் திருமணத் தடுப்பு அலுவலர், அவருக்கும் சொல்லுங்கள். கோர்ட் தடையாணையே வாங்கலாம். இப்படிப்பட்ட பிள்ளைகள் எங்கே இருப்பது என்று முடிவு செய்யும் குழந்தைகள் நலக் குழு முன் அவளை ஆஜர்படுத்தும்போது, அவளுக்கு எங்கே இருக்க விருப்பம் என்று கேட்பார்கள். அந்த நேரத்தில் உங்களுக்கு நிலையான முகவரியும் சிறு வருமானமும் இருந்தால், "தகுதியான நபர்" என்று உங்களை ஏற்று அவளை உங்களிடம் ஒப்படைக்கும்படி நீங்களே குழுவிடம் விண்ணப்பிக்கலாம். இப்போதைக்கு அந்த மூன்று எண்களை, 1098, 181, 112, அவள் நோட்டின் உள்ளட்டையில் எழுதிக் கொடுத்துவிட்டு, உங்கள் புதிய செல்பேசி எண்ணை அவளை மனப்பாடம் செய்ய வையுங்கள்.